அளந்தால் அழியும் கூடு

ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பது வீடுதோறும் வழங்கும் பழமொழி. அடுப்பருகே நிற்பவர் கரண்டியால் ஒரு பருக்கையை எடுத்து விரல்களுக்கிடையே நசுக்கிப் பார்க்கிறார். அது வெந்திருந்தால் பானை முழுவதும் வெந்துவிட்டது என்று முடிவு செய்து கஞ்சியை வடிக்கிறார். நசுக்கிய பருக்கை இனி உண்ண உதவாது. நசுக்காத பருக்கைகள் வெந்தனவா என்பதோ நேராகத் தெரியாது. சோதித்தது பயன்படுவதில்லை, பயன்படுவது சோதிக்கப்படுவதில்லை.

சோற்றுப் பானையில் இப்புதிர் எவருக்கும் கவலை தருவதில்லை. ஒரு பருக்கை போனால் இழப்பு ஒன்றுமில்லை. முடிவு சற்றுத் தவறினாலும் மீண்டும் ஒரு கொதி விடலாம். ஆனால் ஒரு குடியானவரின் ஒரு மாத உழைப்பும் ஒரு டன் இலையும் அந்த ஒரு பருக்கையின் தீர்ப்பை நம்பி நிற்குமானால் நிலைமை வேறு. பட்டுப்புழு வளர்ப்பில் அத்தகைய நிலைமை நாள்தோறும் ஏற்படுகிறது. அளத்தல் என்னும் செயலே அளக்கப்படும் பொருளை அழித்துவிடும்போது விஞ்ஞானம் எவ்வாறு வழி காண்கிறது என்பதை அறிய, பட்டுக்கூட்டைவிட நல்ல ஆசிரியர் இல்லை எனலாம்.

கொள்ளேகாலப் பகுதி

கருநாடக மாநிலம் சாமராசநகர் மாவட்டத்தில், ஹனூர் வட்டத்தில், மலை மாதேசுவர மலைக்கு அண்மையில் அமைந்த ஊர் மார்டள்ளி. காடும் குன்றும் சூழ்ந்த இப்பகுதியில் தமிழ் பேசும் குடும்பங்கள் பல தலைமுறைகளாக வாழ்ந்து வருகின்றன. இவ்வூரை உள்ளடக்கியிருந்த பழைய கொள்ளேகால வட்டம் 1956-ஆம் ஆண்டு அக்டோபர் மாத இறுதி வரை சென்னை மாநிலத்தின் கோயமுத்தூர் மாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. அவ்வாண்டு நவம்பர் முதல் நாளில் மாநிலங்கள் திருத்தியமைக்கப்பட்டபோது அது மைசூர் மாநிலத்தோடு இணைந்து மைசூர் மாவட்டத்தின் பகுதியாயிற்று. 1997-இல் சாமராசநகர் தனி மாவட்டமாகப் பிரிந்தது.

எல்லைகள் மாறினும் ஒரு தொழில் மாறவில்லை. பழைய சென்னை மாகாணத்தில் மல்பெரிப் பட்டுப்புழு வளர்ப்புக்குப் பெயர் பெற்ற வட்டம் கொள்ளேகாலமே. இன்றும் கொள்ளேகாலப் பட்டு என்றால் தென்னாட்டில் அறியாதார் இல்லை. அண்டையிலுள்ள மைசூரு நகரில் மத்தியப் பட்டு வாரியத்தின் பட்டுப்புழு வளர்ப்பு ஆராய்ச்சி, பயிற்சி நிலையம் 1961-இல் தோன்றியது. ஆகவே, இங்குக் கூறப்படும் புதிர் இவ்வட்டாரத்துக்குப் புதிதன்று. புழு வளர்ப்பவரும் களப் பணியாளரும் இதனைக் கையால் தொட்டுப் பழகியவர்களே.

ஒரு கூடு, இரண்டு பயன்கள்

முட்டையிலிருந்து வெளிவந்த பட்டுப்புழு மல்பெரி இலையைத் தின்று, நான்கு முறை தோலுரித்து, ஏறக்குறைய 25 நாள்களில் முழு வளர்ச்சி அடைகிறது. பின்னர்ச் சந்திரிகையில் ஏறி, இரண்டு மூன்று நாள்களில் தன்னைச் சுற்றிக் கூடு கட்டிக்கொள்கிறது. அக்கூடு ஒரே இழையால் ஆனது. புழு தன் தலையை எட்டு என்ற எண்ணின் வடிவில் அசைத்து அசைத்து அந்த இழையை அடுக்கடுக்காகப் பதிக்கிறது. கூட்டுக்குள் புழு கூட்டுப்புழுவாக மாறுகிறது. பத்துப் பன்னிரண்டு நாள்களில் அது பூச்சியாகி, வாயிலிருந்து சுரக்கும் நீரால் கூட்டின் ஒரு முனையை இளக்கித் துளையிட்டு வெளியே வருகிறது.

எனவே ஒவ்வொரு கூட்டுக்கும் இரண்டு எதிர்காலங்கள் உண்டு. ஒன்று நூற்பாலைக்குச் செல்லும் வழி. அங்கே கூட்டை நீராவியிலோ வெப்பக் காற்றிலோ வைத்து உள்ளிருக்கும் உயிரைப் போக்கி, வெந்நீரிலிட்டு இழையைப் பிரித்தெடுப்பர். மற்றொன்று வித்தகத்துக்குச் செல்லும் வழி. அங்கே பூச்சி வெளிவர விட்டு, இணை சேர்த்து, முட்டை பெறுவர். பூச்சி துளைத்து வெளியேறிய கூட்டிலிருந்து தொடர்ச்சியான இழை எடுக்க இயலாது. நூலைப் பெற்றால் சந்ததி இல்லை. சந்ததியைப் பெற்றால் நூல் இல்லை.

இதுவே புதிரின் வேர். நல்ல நூல் தரும் இனத்தை உருவாக்க விரும்பும் ஆராய்ச்சியாளர், நீண்ட இழையுள்ள கூட்டையே அடுத்த தலைமுறைக்குப் பெற்றோராகத் தேர்ந்தெடுக்க வேண்டும். இழையின் நீளத்தை அறிய அதனை முழுவதும் பிரிக்க வேண்டும். முழுவதும் பிரிக்கும் வழியில் உள்ளிருக்கும் உயிர் மடிந்துவிடும். சிறந்தது எது என்று தெரிந்த கணத்தில் அச்சிறந்தது பெற்றோராகும் தகுதியை இழந்துவிடுகிறது.

இரண்டு அளவைகள்

கூட்டை அளக்க இரண்டு முறைகள் வழக்கில் உள்ளன. அவற்றை அருகருகே வைத்துப் பார்த்தால் புதிரின் அமைப்பு தெளிவாகும்.

முதலாவது நூற்புச் சோதனை. தனிக் கூட்டை வெந்நீரில் பதப்படுத்தி, அதன் இழையை 1.125 மீட்டர் சுற்றளவுள்ள சிறு சக்கரத்தில் சுற்றுவர். சுற்றுகளின் எண்ணிக்கையிலிருந்து நீளம் கிடைக்கும். சுற்றிய இழையை உலர்த்தி எடை பார்த்தால் அதன் பருமனும் கிடைக்கும். 9,000 மீட்டர் இழையின் எடை எத்தனை கிராமோ அத்தனை டெனியர் என்பது கணக்கு. 1,000 மீட்டர் இழை 0.30 கிராம் எடையுள்ளதாயின் அதன் பருமன் 2.7 டெனியர் ஆகும். மைசூர் நாட்டுப் பலபருவ இனத்தின் கூட்டில் ஏறக்குறைய 350 முதல் 400 மீட்டர் இழையும், நல்ல இருபருவ இனத்தின் கூட்டில் 900 மீட்டருக்கு மேலும் கிடைப்பதை இச்சோதனையே காட்டிற்று. நூலைப் பற்றி அறிய வேண்டிய அனைத்தும் இதில் கிடைக்கும். கூட்டுப்புழு மட்டும் பிழைக்காது.

இரண்டாவது வெட்டுச் சோதனை. முதலில் கூட்டை முழுமையாக நிறுத்துக்கொள்வர். பின்னர் ஓர் ஓரத்தைக் கூரிய கத்தியால் மெல்ல வெட்டி, கூட்டுப்புழுவைக் காயமின்றி வெளியே எடுத்து, வெறும் ஓட்டை நிறுப்பர். முழுக் கூடு 1.80 கிராம், ஓடு 0.40 கிராம் என்றால் ஓட்டு விகிதம் நூற்றுக்கு 22.2 ஆகும். விகிதம் உயர உயர அந்தக் கூட்டில் பட்டு மிகுதி என்று கொள்ளலாம். கூட்டுப்புழுவின் அடிவயிற்றிலுள்ள குறியைக் கொண்டு அது ஆணா பெண்ணா என்பதையும் அப்போதே அறியலாம். வெளியே எடுத்த கூட்டுப்புழு உயிரோடிருந்து, உரிய நாளில் பூச்சியாகி முட்டையிடும். ஆனால் கத்தி பட்ட இடத்தில் அடுக்கடுக்காகக் கிடந்த இழை எண்ணற்ற இடங்களில் அறுந்துபோகிறது. இழையின் நீளம் எவ்வளவு என்பதை இனி எவராலும் கூற இயலாது.

ஒரு சோதனை நூலைத் தெளிவாகக் காட்டி உயிரைப் போக்குகிறது. மற்றொன்று உயிரைக் காத்து நூலின் நீளத்தை மறைக்கிறது. ஒரே கூட்டில் இரண்டையும் முழுமையாக அறிய வழியில்லை. எதை இழக்கலாம் என்று முன்னதாகவே முடிவு செய்துகொண்டுதான் கத்தியையோ வெந்நீரையோ நாட வேண்டும்.

ஆராய்ச்சியாளர் கண்ட வழி உடன்பிறப்புகளின் வழி. ஒரே தாயின் முட்டைத் தொகுதியிலிருந்து வளர்ந்த புழுக்களை ஒரு குடும்பமாகத் தனித்து வளர்ப்பர். அக்குடும்பத்தின் கூடுகளில் சிலவற்றை நூற்புச் சோதனைக்கு அளிப்பர். எஞ்சியவற்றை வித்துக்காக வைத்துக்கொள்வர். நூற்றுப் பார்த்த கூடுகள் சிறந்தவையாயின், நூற்காத அவற்றின் உடன்பிறப்புகளும் சிறந்தவையாக இருக்கக்கூடும் என்ற நம்பிக்கையில் அக்குடும்பத்தை அடுத்த தலைமுறைக்குத் தேர்ந்தெடுப்பர். தனிக் கூட்டின் உண்மை கிடைப்பதில்லை. குடும்பத்தின் உண்மை கிடைக்கிறது. இன மேம்பாட்டுப் பணி நெடுகிலும் இத்தகைய மறைமுகச் சான்று இன்றியமையாத துணையாக இருந்து வருகிறது.

அலேஸ் நகரில் ஐந்து கோடைகள்

இதே புதிர் வேறு உருவில் ஒரு நாட்டின் தொழிலையே அழிவின் விளிம்பில் நிறுத்திய வரலாறு உண்டு. 19-ஆம் நூற்றாண்டின் நடுவில் பிரான்சு நாட்டின் பட்டுப்புழுக்களைப் பெப்ரைன் என்னும் நோய் தாக்கிற்று. நோயுற்ற புழுவின் உடலில் மிளகுத்தூள் தூவினாற்போலக் கரும்புள்ளிகள் தோன்றும். தென் பிரான்சின் வட்டார மொழியில் மிளகைக் குறிக்கும் சொல்லிலிருந்தே இப்பெயர் வந்தது. 1853-இல் ஏறக்குறைய 2 கோடியே 60 இலட்சம் கிலோவாக இருந்த அந்நாட்டுக் கூடு உற்பத்தி 1865-இல் ஏறக்குறைய 40 இலட்சம் கிலோவாகத் தாழ்ந்தது.

அவ்வாண்டில் அரசின் வேண்டுகோளை ஏற்று லூயி பாஸ்டர் தென் பிரான்சிலுள்ள அலேஸ் நகருக்குச் சென்றார். பட்டுப்புழுவைப் பற்றி அதற்கு முன் அவர் ஆராய்ந்ததில்லை. தொடர்ந்து ஐந்து ஆண்டுகள் பருவந்தோறும் அங்குத் தங்கி ஆராய்ந்தார். 1868-இல் பக்கவாதம் தாக்கிய பின்னும் பணியை விடவில்லை. 1870-இல் தம் முடிவுகளை நூலாக வெளியிட்டார்.

குடியானவர் கேட்டது ஒன்றே ஒன்று: நோயற்ற முட்டை வேண்டும். முட்டையில் நோய் உண்டா என்று பார்க்க அதை நசுக்கி நுண்ணோக்கியில் வைக்க வேண்டும். நசுக்கிய முட்டை பொரிக்காது. இதைவிட மோசமான ஒன்றையும் பாஸ்டர் கண்டார். நோயின் வித்து முட்டையில் கருநிலையில் இருக்கும்போது நுண்ணோக்கிக்கும் புலப்படாமல் தப்பிவிடக்கூடும். இளம் புழுவிலும் அவ்வாறே. அதாவது முட்டையைச் சோதித்தால் முட்டையும் போகும். விடையும் உறுதியாகக் கிடைக்காது. ஆனால் நோய் உடலோடு சேர்ந்து வளர்கிறது. கூட்டுப்புழுவின் இறுதி நாள்களிலும் பூச்சியிலும் வித்துகள் ஐயமின்றித் தெளிவாகத் தென்படுகின்றன.

இதிலிருந்து பாஸ்டர் அடைந்த முடிவு எளியது, ஆயினும் ஆழமானது. முட்டையைச் சோதிக்க வேண்டாம். முட்டையிட்ட தாயைச் சோதிக்கலாம். பெண் பூச்சியைத் தனியே முட்டையிட விட வேண்டும். இட்டு முடித்த பின் அதனை நசுக்கி நுண்ணோக்கியில் பார்க்க வேண்டும். வித்துகள் தென்பட்டால் அந்தத் தாயின் முட்டைகள் அனைத்தையும் எரித்துவிட வேண்டும். தென்படாவிட்டால் அம்முட்டைகளை வளர்ப்புக்கு வழங்கலாம்.

பட்டுப்பூச்சி உணவு உண்பதில்லை, பறப்பதுமில்லை. முட்டையிட்டபின் சில நாள்களில் தானே மடியும். அதனை நசுக்குவதால் தொழிலுக்கு இழப்பு ஏதுமில்லை. பாஸ்டர் அழிவை நீக்கவில்லை. அழிவினால் எதுவும் குறையாத ஒரு காலத்தையும் இடத்தையும் தேர்ந்தெடுத்து, அதனை அங்கே நகர்த்தி வைத்தார். அவருடைய முறையின் சிறப்பு இதுவே.

தம் முறையின்மேல் அவர் கொண்ட உறுதிக்கு ஒரு நிகழ்ச்சி சான்றாகும். 1866-இல் 14 முட்டைத் தொகுதிகளின் தாய்ப்பூச்சிகளை ஆராய்ந்து, அடுத்த ஆண்டில் அவற்றின் வளர்ப்பு எவ்வாறு முடியும் என்பதை முன்னதாகவே எழுதி, உறையிலிட்டு முத்திரை வைத்து, செயின்ட் இப்போலித் நகரத் தலைவரிடம் ஒப்படைத்தார். 1867-இல் குடியானவர்கள் தத்தம் விளைவைத் தெரிவித்தபின் உறை பிரிக்கப்பட்டது. 14-இல் 12 தொகுதிகளின் முடிவு அவர் எழுதியபடியே அமைந்திருந்தது. அம்முட்டைகளில் ஒன்றைக்கூட உடைக்காமல் அவற்றின் வருங்காலத்தை அவர் கூறியிருந்தார்.

நுண்ணோக்கியின் கீழ்

பாஸ்டரின் முறை இன்றும் வித்தகங்களின் அடித்தளமாக விளங்குகிறது. இணை சேர்ந்து பிரிக்கப்பட்ட பெண் பூச்சியை முட்டைத் தாளின்மேல் வைத்துச் சிறு மூடியால் மூடி, இருட்டில் முட்டையிட விடுவர். ஒரு பூச்சி 400 முதல் 500 முட்டைகள் வரை இடும். பின்னர்ப் பூச்சியை நீர்த்த பொட்டாசியம் கார்பனேட்டுக் கரைசலோடு அரைத்து, அதன் ஒரு துளியைக் கண்ணாடித் தகட்டில் வைத்து, ஏறக்குறைய 600 மடங்கு பெருக்கிக் காட்டும் நுண்ணோக்கியில் பார்ப்பர். பெப்ரைன் வித்துகள் நீள்வட்ட வடிவில் பளபளப்பாகத் தென்படும். ஒரு வித்தின் நீளம் ஒரு மில்லிமீட்டரின் ஆயிரத்தில் மூன்று நான்கு பங்கு மட்டுமே. நோசிமா பாம்பிசிஸ் என்னும் நுண்ணுயிரியின் வித்துகளே இவை.

தாய் விதையைப் பெருக்கும் மேல்நிலைகளில் ஒவ்வொரு பூச்சியும் தனித்தனியே சோதிக்கப்படுகிறது. ஏனெனில் அங்கே நேரும் ஒரு பிழை அடுத்தடுத்த தலைமுறைகளில் பல்லாயிரம் மடங்காகப் பெருகும். குடியானவருக்கு வழங்கப்படும் வணிக முட்டையிலோ பூச்சிகளின் எண்ணிக்கை மிகப் பெரிது. எனவே தொகுதியிலிருந்து ஒரு பகுதியை எடுத்து, பல பூச்சிகளைச் சேர்த்தரைத்துப் பார்க்கும் முறை கையாளப்படுகிறது. இங்கே மீண்டும் சோற்றுப் பானையின் கதை தொடங்குகிறது. சோதித்த பூச்சிகளைப் பற்றித் தெரியும். சோதிக்காத பூச்சிகளைப் பற்றி ஊகிக்க வேண்டும்.

சோதித்தது எத்தனை?

ஊகத்துக்கும் கணக்கு உண்டு. ஒரு பெரிய தொகுதியில் நூற்றுக்கு ஒரு பூச்சி நோயுற்றது என்று வைத்துக்கொள்வோம். விருப்பு வெறுப்பின்றி 20 பூச்சிகளை எடுத்துச் சோதித்தால், நோயுற்ற ஒன்றுகூட அகப்படாமல் போகும் வாய்ப்பு நூற்றுக்கு 82. நூறு பூச்சிகளைச் சோதித்தால் அவ்வாய்ப்பு 37 ஆகக் குறையும். முந்நூறு பூச்சிகளைச் சோதித்தால்தான் அது 5 அளவுக்கு இறங்கும். நூற்றுக்கு ஐந்து பூச்சிகள் நோயுற்றிருந்தாலும், 20 பூச்சிகளை மட்டும் பார்த்தால் நூற்றுக்கு 36 முறை நோய் கண்ணில் படாமல் தப்பிவிடும்.

இக்கணக்கு ஓர் உண்மையை அறிவுறுத்துகிறது. நோய் காணப்படவில்லை என்பது வேறு. நோய் இல்லை என்பது வேறு. முதலாவது சோதனையின் விடை. இரண்டாவது சோதித்தவரின் முடிவு. சோதித்த எண்ணிக்கையைக் குறிப்பிடாமல் விடையை மட்டும் எழுதினால் இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள வேறுபாடு மறைந்துவிடும்.

வேறுபாடு மறைந்தால் இழப்பு யாருக்கு? நூறு முட்டைத் தொகுதிகளை வாங்கும் குடியானவர் 40,000 முதல் 50,000 வரை புழுக்களை ஏற்றுக்கொள்கிறார். அவற்றுக்கு ஏறக்குறைய ஒரு டன் இலை பறித்துப் போட வேண்டும். குடும்பம் முழுவதும் இரவு பகலாக உழைக்க வேண்டும். அந்நூறில் ஒரு தொகுதி நோயுற்றதாயின், பிறவியிலேயே நோய் கொண்ட புழுக்களின் எச்சத்தோடு வித்துகள் வெளிப்பட்டு, அதே தட்டில் இலை தின்னும் நல்ல புழுக்களையும் பற்றும். நோய் வெளிப்படையாகத் தெரியும்போது இலையும் தீர்ந்திருக்கும், நாளும் கழிந்திருக்கும். கண்ணுக்குத் தெரியாத ஒன்றைத் தமக்காக வேறொருவர் பார்த்துவிட்டார் என்ற நம்பிக்கையே குடியானவர் கையிலுள்ள ஒரே பாதுகாப்பு.

எடுக்கும் கையின் நேர்மை

கணக்கு சரியாயினும், மாதிரியை எடுக்கும் கை தவறினால் பயனில்லை. கூடையின் மேற்புறத்திலிருந்து மட்டும் எடுத்தல், அழகாகத் தோன்றுவனவற்றைப் பொறுக்கி எடுத்தல், முதல் நாளில் வெளிவந்த பூச்சிகளோடு நிறுத்திக்கொள்ளுதல் ஆகிய மூன்றும் எளிதில் நேரும் பிழைகள். நோயுற்ற பூச்சிகள் சிறகு சுருங்கியும், ஒழுங்கின்றிப் பிந்தி வெளிவந்தும் காணப்படுவதுண்டு. முந்தி வந்த கொழுத்த பூச்சிகளை மட்டும் நசுக்கிப் பார்ப்பவர் நோயைத் தேடுபவர் ஆகார். தம்மையறியாமல் அதைத் தவிர்ப்பவரே ஆவார். அவர் நசுக்கிய பூச்சிகள் வீணே அழிந்தன எனலாம்.

ஆகவே மேலும் நடுவும் அடியும், எல்லாத் தட்டுகளும், எல்லா நாள்களும் மாதிரியில் இடம்பெற வேண்டும். எந்தப் பூச்சியை எடுப்பது என்பதைக் கண்ணுக்கு விடாமல் எண் முறைக்கு விடுவது நன்று. எத்தனையில் எத்தனை சோதிக்கப்பட்டன என்பது விடையோடு சேர்த்து எழுதப்பட வேண்டும்.

விதைக்கூடு வளர்க்கும் இடங்களில் அழிவைக் குறைக்கும் வேறு வழிகளும் கையாளப்படுகின்றன. புழுக்களின் எச்சம், பொரித்தபின் எஞ்சிய முட்டையோடு, தாமே மடிந்த புழுக்கள், வளர்ச்சியில் பின்தங்கிய புழுக்கள் ஆகியவற்றைச் சோதித்தால் நல்ல புழுக்களைத் தொடவேண்டியதில்லை. கூடு வாங்கும் முன் ஒரு சிறு பகுதியை வெப்பமான இடத்தில் வைத்துப் பூச்சிகளை முன்கூட்டியே வெளிவரச் செய்து நசுக்கிப் பார்ப்பதும் உண்டு. சில கூடுகளை இழந்து சில நாள்களைப் பெறும் வழி இது. நோய் தென்பட்டால் மற்றக் கூடுகள் வித்தகத்துக்குச் செல்லா, நூற்பாலைக்குச் செல்லும். முழுக் கூடும் வீணாவதில்லை.

பிற துறைகளில்

பட்டுக்கூட்டின் புதிர் தனித்ததன்று. மின்விளக்கு எத்தனை மணி எரியும் என்பதை அறிய அதனை எரித்தே தீர்க்க வேண்டும். தீக்குச்சி பற்றுமா என்பதைப் பற்றவைத்துத்தான் அறியலாம். தொல்பொருள் ஆய்வில் கரித்துண்டின் வயதைக் கணிக்கக் கரித்துண்டையே எரித்து வாயுவாக்க வேண்டும். கீழடியில் கிடைத்த கரி மாதிரிகளும் அவ்வாறே தம்மை இழந்து தம் காலத்தைக் கூறின. அவற்றுள் ஒன்று கி.மு. 580-ஐச் சேர்ந்தது என்று 2019-இல் வெளியான தமிழ்நாடு தொல்லியல் துறை அறிக்கை தெரிவித்தது. 1949-ஆம் ஆண்டை ஒட்டி இம்முறை தோன்றியபோது சில கிராம் கரி தேவைப்பட்டது. பின்னர் வந்த முடுக்கிக் கருவிகளுக்கு ஒரு மில்லிகிராம் அளவே போதும். அழிவு நீங்கவில்லை, அதன் அளவு சுருங்கிற்று.

அணுவின் உலகில் இப்புதிர் இன்னும் ஆழமாகச் செல்கிறது. ஒளித்துகள் ஒன்று வந்ததை வழக்கமான கருவி அறிவது, அத்துகளை விழுங்கித்தான். கண்டது என்றால் அது அழிந்தது என்றே பொருள். 1927-இல் ஹைசன்பர்க், ஒரு துகளின் இடத்தையும் உந்தத்தையும் ஒருங்கே விரும்பிய அளவு துல்லியமாக அறுதியிட இயலாது என்று காட்டினார். எனினும் 2007-இல் பாரிசு நகரில் செர்ஜ் அரோஷ் குழுவினர், கண்ணாடிகளுக்கிடையே அடைபட்ட ஓர் ஒளித்துகளின் வழியே அணுக்களை ஒவ்வொன்றாகச் செலுத்தி, அதனை விழுங்காமலேயே அது இருப்பதை மீண்டும் மீண்டும் அறிந்தனர். 2012-இல் அவர் டேவிட் வைன்லேண்டோடு நோபல் பரிசு பெற்றார். அங்கும் விலை உண்டு. துகள்களின் எண்ணிக்கை தெளிவாகும்போது அலையின் கட்டம் தெளிவை இழக்கிறது.

இங்கே ஆசிரியர்கள் ஒரு வேறுபாட்டை மாணவர்க்கு எடுத்துக்காட்ட வேண்டும். பட்டுக்கூட்டைப் பொறுத்தவரை தடை கருவியில் இருக்கிறது. நாளை ஒரு நல்ல கருவி தோன்றினால், கூட்டைத் தொடாமலே இழையை அளக்கக்கூடும். ஹைசன்பர்க் கூறிய தடை இயற்கையின் அமைப்பிலேயே இருக்கிறது. எந்தக் கருவியும் அதனைக் கடவாது. இரண்டும் ஒன்று போலத் தோன்றினும் ஒன்றல்ல.

வகுப்பறையில் ஒரு சோதனை

நுண்ணோக்கி இல்லாத பள்ளியிலும் இப்பாடத்தைக் கற்பிக்கலாம். நூறு புளியங்கொட்டைகளை எடுத்து, ஐந்தில் மட்டும் ஒரு பக்கத்தில் சுண்ணாம்புப் புள்ளி வைத்து உலர விட்டு, ஒரு பானையிலிட்டுக் குலுக்க வேண்டும். ஒவ்வொரு மாணவரும் பாராமல் பத்துக் கொட்டைகளை எடுத்து, புள்ளியுள்ளவை எத்தனை என்று குறித்துக்கொண்டு மீண்டும் பானையில் போட்டுக் குலுக்க வேண்டும். நூறு முறை இவ்வாறு செய்தால், ஏறக்குறைய 58 முறை ஒரு புள்ளிக் கொட்டையும் கைக்கு வராது. பானையில் நோய் உண்டு என்பதை அறிந்த மாணவர், தம் கையிலுள்ள மாதிரி அதனை மறைப்பதை நேரிற் காண்பார். பின்னர்ப் பத்துக்குப் பதிலாக முப்பது கொட்டைகளை எடுக்கச் செய்தால், மறைவு எவ்வளவு குறைகிறது என்பதும் விளங்கும்.

இறுதியாக, பானையைக் குலுக்காமல் புள்ளிக் கொட்டைகளை அடியில் வைத்துவிட்டு மேலிருந்து எடுக்கச் சொல்ல வேண்டும். எத்தனை முறை எடுத்தாலும் விடை ஒன்றே: நோய் காணப்படவில்லை. மாதிரி எடுப்பதன் நேர்மை என்னவென்று இதைவிடத் தெளிவாகச் சொல்லித்தர இயலாது.

களப் பணியாளர் தம் ஏட்டில் விடையை எழுதும்போது இப்பானையை நினைவிற்கொள்வது நலம். கொள்ளேகாலத்திலாயினும் வேறெங்காயினும், முட்டைத் தாளைக் கையில் வாங்கும் குடியானவர் அந்த முட்டைகளை உடைத்துப் பார்க்க இயலாது, பார்க்கவும் வேண்டியதில்லை. அவருக்காக ஒரு தாய்ப்பூச்சி நசுக்கப்பட்டது. எத்தனை பூச்சிகள், எந்தத் தட்டுகளிலிருந்து, எந்த நாளில் சோதிக்கப்பட்டன என்று ஏட்டில் தவறாமல் பதிவானால், அந்த அழிவு வீண்போகாது.